சனிக்கிழமை என்னுடையது

ஆவடி குவார்ட்டர்ஸ்
15.12.2024

நிஷாவுக்கு,

அக்கா என்று எழுதப் போன கை அந்த இடத்தில் நின்றுவிட்டது. விசாரணை முடியும்வரை நான் லீவில், என் நம்பரை நீங்கள் பிளாக் செய்துவிட்டீர்கள், அதனால்தான் தபால். கடைசியாக நான் காகிதத்தில் எழுதிய கடிதம் பள்ளிக்கூடத்துக்கு லீவு லெட்டர்.

விசாரணைக் குழு போன வாரம் என்னைக் கூப்பிட்டு, நீங்கள் சொன்ன சாட்சியத்தைப் படித்துக் காட்டியது. 'அக்டோபர் ஐந்தாம் தேதி சனிக்கிழமை சாயங்காலம் சூப்பர்வைசர் கோபி கம்பெனியிலேயே இல்லை. அவரைத் திருவேற்காடு கோயிலில் பார்த்தேன்.' அவ்வளவுதான். கோபி மேல் நான் கொடுத்த புகாரில் இரண்டு நாள் இருக்கிறது. இன்னொரு நாளைப் பற்றி, கம்பெனியில் ஆயுத பூஜை போட்ட அந்த வியாழக்கிழமையைப் பற்றி, நீங்கள் வாயே திறக்கவில்லை.

அன்றைக்கு ஸ்டோர்ஸ் கதவைத் திறந்துகொண்டு நான் வெளியே வந்தபோது எதிரே நின்றது நீங்கள். என் முகத்தைப் பார்த்தீர்கள். "முதுகுல சந்தனம் அப்பிக்கினு கீது பாரு" என்று சொன்னதும் நீங்கள்தான். நான் வேலைக்குப் போடும் அந்த நீலக் கோட்டைக் கழற்றி ரெஸ்ட் ரூமில் எறிந்துவிட்டு ஸ்டேஷனுக்கு ஓடினேன். மறுபடி வேலைக்கு வந்து தேடினால் கோட்டு இல்லை. கோபி என்ன சொல்கிறான் தெரியுமா? அன்று ஸ்டோர்ஸ் பக்கமே போகவில்லையாம், சந்தனத்தைத் தொடவே இல்லையாம், நம் ஷிஃப்ட் உலகநாதன் அண்ணன்தான் கரைத்தாராம். கோட்டு எங்கே என்று என்னைக் கேட்கிறார்கள்.

சனிக்கிழமை பொய் என்றால் எல்லாமே பொய் என்கிறான். பொய்ப் புகார் கொடுத்ததற்கு என்னை வேலையை விட்டு எடுக்க வேண்டும் என்று எழுதியே கொடுத்துவிட்டான். தை பிறந்ததும் கடைசி விசாரணை.

சாட்சிகளோடு பேசக் கூடாது என்று புஷ்பா அம்மா எச்சரித்திருக்கிறார். கம்பெனிக்கு வெளியே இருந்து குழுவில் உட்காரும் அந்த ரிட்டையர்ட் ஹெட்மிஸ்ட்ரஸ்தான். அதனால் இப்படிச் சொல்லுங்கள் அப்படிச் சொல்லுங்கள் என்று கேட்க மாட்டேன். வேலைக்குச் சேர்ந்த நாளில் பீஸில் கீறல் பார்ப்பது எப்படி என்று என் கையைப் பிடித்துச் சொல்லிக் கொடுத்தது நீங்கள். ஒன்று மட்டும் தெரிந்தால் போதும். நான் உங்களுக்கு என்ன கெடுதல் செய்தேன்?

கார்த்திகா


மேனாம்பேடு, அம்பத்தூர்
20.12.2024

அடியே கார்த்திகா,

இன்னா கெடுதல் செஞ்சேன்னு கேக்குறியா? நெஞ்சில் கை வைத்துக் கேள் அதை.

போனில் உனக்குப் பதில் சொல்ல முடியாது. சாயங்காலமானால் கோபி என் போனை வாங்கி, யார் யார் பேசினார்கள் என்று பார்ப்பான். அக்கறை இருக்கிறவன்தான் பார்ப்பான், உனக்கு அது புரியாது. ஆமாம், உனக்குத்தான் அவன் சூப்பர்வைசர். எனக்கு அவன் என் ஆளு. இரண்டு வருஷமாக. இப்போது தெரிந்துகொண்டாயா?

அந்தச் சனிக்கிழமை என்னுடையதுடி. இரண்டு வருஷத்தில் அவன் என்னை வெளியே அழைத்துப்போன ஒரே நாள். யாருக்கும் தெரியக் கூடாது என்று ஷேர் ஆட்டோவில் நடுவே இரண்டு பேரை உட்கார விட்டுத்தான் போனோம். கோயிலிலும் தனித்தனி வரிசை. ஆனால் வெளியே வந்து பச்சைக் கண்ணாடி வளையல் வாங்கி, அவனே என் கையில் ஏற்றிவிட்டான். அதில் ஒன்று உடைந்தது. உடைந்ததைக்கூட நான் எறியவில்லை. அந்த நாளைப் போய் எடுத்து நீ ஸ்டோர்ஸ் ரூமுக்குள் வைத்து எழுதியிருக்கிறாய். குழுவில் படித்துக் காட்டியபோது எனக்கு எப்படி இருந்திருக்கும்? என் வீட்டுக்குள் புகுந்து என் புடவையைக் கட்டிக்கொண்டு நிற்கிறவளைப் பார்த்த மாதிரி இருந்தது. சொல்லிவிட்டேன், கோயிலில் பார்த்தேன் என்று. கூட இருந்தேன் என்று மட்டும் சொல்லவில்லை. பொய் சொன்னது நானா, நீயா?

கெடுதலாம் கெடுதல். நீ வந்து ஆறு மாசம்கூட ஆகவில்லை. மழையில் உனக்கு வண்டியில் லிஃப்ட். எனக்கு ஒருநாளும் இல்லை, கேட்டால் "நாலு பேரு பாப்பாங்க"! நீ மல்லிப்பூ வைத்து வந்த அன்று ஷிஃப்ட் முழுக்க உன் டேபிள் பக்கமே நின்றான். நான் ரிஜெக்ட் பீஸை எடுத்துக்கொண்டு போய்ப் போய் நின்றால் "வெச்சுட்டுப் போ" என்பான், நிமிரக்கூட மாட்டான். ஆயுத பூஜைக்கு ஒண்ணாம் நம்பர் பிரஸ் மெஷினுக்குப் பொட்டு வைக்க ஒரு பெண்ணைத்தானே கூப்பிடுவார்கள்? போன வருஷம் நான். அதற்கு முந்தின வருஷமும் நான். இந்த வருஷம் எல்லார் முன்னாலும் "கார்த்திகா, நீ போய் சந்தனக் கிண்ணத்த எட்துனு வா" என்றான். எனக்குப் பத்திக்கினு வந்தது. பின்னாலேயே அவனும் எழுந்து போனதைப் பார்த்தேன். அதனால்தான் கதவருகே வந்து நின்றேன், வேறெதற்கு?

நீ அழுதுகொண்டு வெளியே வந்தாய். எல்லாம் நடிப்பு என்று நினைத்தேன். இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன். ஒரு பொய் சொன்னவளுக்கு இன்னொன்று சொல்லத் தெரியாதா?

தை பிறந்ததும் வீட்டுக்கு வந்து பெண் கேட்கிறேன் என்றிருக்கிறான். எங்கள் அண்ணன் பாண்டியன் பக்கத்து ஏரியா பாடியில் ஒரு லாரிக்காரனைப் பார்த்து வைத்துக்கொண்டு என் கழுத்தை நெரிக்கிறான். நடுவில் வந்து மண்ணைப் போடாதே.

இனிமேல் எனக்கு எழுதாதே. எழுதினால் இந்தக் காகிதத்தின் பின்பக்கம் இருக்கும் என் தோழி ஷோபனா வீட்டு விலாசத்துக்கு எழுது. இங்கே அம்மா பிரித்துவிடுவாள்.

நிஷா


ஆவடி குவார்ட்டர்ஸ்
26.12.2024

நிஷாவுக்கு,

சனிக்கிழமை பொய்தான்.

அப்பாவோடு ராணுவ டேங்க் ஃபாக்டரியில் வேலை பார்த்த சம்பந்தம் மாமா, யூனியனில் இருந்தவர். அவர்தான் புகார் எழுத உதவி செய்தார். "ஒரு தரம்னா, கை தெரியாம பட்டுடுச்சுன்னு முடிச்சிடுவாங்கம்மா. முன்னாடியும் ஒரு தரம் நடந்துச்சுன்னு சேர்த்துக்கோ, அப்பதான் நிக்கும்" என்றார். நடந்தது மட்டும் போதாதோ என்று எனக்கும் பயம் வந்துவிட்டது. காலண்டரைப் பார்த்து, ஓவர்டைம் இருந்த நாளாக ஒன்றை எழுதினேன். அது உங்கள் சனிக்கிழமை என்று எனக்கு எப்படித் தெரியும்?

ஆனால் வியாழக்கிழமை பொய் இல்லை. உங்களுக்கு லிஃப்ட் வயிற்றெரிச்சல் என்றால் அதையும் சொல்கிறேன். பட்டரவாக்கம் ஸ்டேஷன் வரை ஒரே ஒரு முறை. நாலு தரம் பிரேக் போட்டான், ரோடு காலியாக இருந்தது. மறுநாளிலிருந்து மழையில் நனைந்துகொண்டே நடந்தேன். "குடை வாங்கக்கூடவா துட்டு இல்ல?" என்று டேபிளில் எல்லோரையும் சேர்த்துக்கொண்டு சிரித்தது யார்? மல்லிப்பூவையும் அந்த நாளோடு விட்டுவிட்டேன். அதையும் நீங்கள் கவனித்திருப்பீர்கள், எல்லாவற்றையும் கவனிக்கிறவர்தானே.

நான் கிண்ணத்தை எடுக்கக் குனிந்தபோது பின்னாலேயே வந்து கதவைக் காலால் அழுத்தி நின்றான். "கொஞ்சம் கெட்டியா இருக்கணும்" என்று கிண்ணத்துக்குள் இரண்டு கையையும் விட்டுப் பிசைந்தான். அப்புறம் ஒரு கை என் முதுகில், இன்னொன்று என் வாய் மேல். "வாயத் தொறந்தா உனுக்குத்தான் அசிங்கம். நான் ஒருத்திய கூப்டா அது அவ அதிர்ஷ்டம்" என்றான். சந்தனம் பல்லுக்குள் போனது. மற்றதைக் குழுவில் சொல்லிவிட்டேன், உங்களுக்கு இன்னொரு முறை சொல்ல முடியாது. வெளியே உலகநாதன் அண்ணன் அவனைத் தேடிக் குரல் கொடுத்தார். உடனே லோடிங் பக்கத்துக் கதவு வழியாகப் போய்விட்டான். அதனால்தான் அவன் வெளியே வந்ததை நீங்கள் பார்க்கவில்லை. இப்போது அம்மா பூஜைக்குச் சந்தனம் கரைத்தால் நான் மாடிக்குப் போய்விடுகிறேன்.

எனக்குக் கிடைத்ததைப் பார்த்து நீங்கள் பொறாமைப்பட்டீர்களா? நான் கதவைத் திறந்து உங்களைப் பார்த்ததும் என்ன நினைத்தேன் தெரியுமா? நல்லவேளை, அக்கா நிற்கிறாள் என்று நினைத்தேன்.

கார்த்திகா


மேனாம்பேடு
3.1.2025

கார்த்திகா,

உன் கடிதத்தை ஷோபனா வீட்டு மொட்டை மாடியில் தண்ணீர் டேங்குக்குப் பின்னால் உட்கார்ந்து படித்தேன். அந்த வார்த்தையை உனக்கு யார் சொன்னது? நிஜமாகச் சொல். அவனா? என்னைப் பற்றி உன்னிடம் ஏதாவது சொல்லியிருக்கிறானா?

ஏன் கேட்கிறேன் என்றால், அது என்னிடம் சொன்ன வார்த்தை. அதே ஸ்டோர்ஸ், காலால் அழுத்திய அதே கதவு. 'நான் ஒருத்திய கூப்டா அது அவ அதிர்ஷ்டம்.' இதை நான் ஒரு ஈ காக்கையிடம் சொன்னதில்லை. அசிங்கம் என்று சொன்ன முன்பாதியை மறந்துவிட்டேன், அதிர்ஷ்டத்தை மட்டும் பிடித்துக்கொண்டேன். அன்றைக்கு நானும் அழுதேன். அடுத்த வாரம் டீயும் சமோசாவும் வாங்கிக் கொடுத்தான். சரி, அப்படியென்றால் இதுதான் காதல் என்று முடிவு கட்டிவிட்டேன். வேறு பெயர் வைத்திருந்தால் மறுநாள் எப்படி ஷிஃப்டுக்குப் போவது, சொல்லு?

உன் கடிதத்தில் அதைப் படித்ததும் எனக்கு முதலில் வந்தது பரிதாபம் என்று நினைத்துக்கொள்ளாதே. பொறாமைதான் வந்தது. எனக்கு மட்டும் சொன்னது என்று வைத்திருந்தேனே, அதையும் உனக்குக் கொடுத்துவிட்டானே என்று. பிறகுதான் உன் கடிதத்தை மறுபடி முதலிலிருந்து படித்தேன்.

நீ தேடுகிற கோட்டு என்னிடம் இருக்கிறது.

நீ ஓடியதும் ரெஸ்ட் ரூமுக்குப் போய் எடுத்துவந்தேன். பீரோவில் என் புடவைகளுக்கு அடியில், ஜவுளிக்கடை கவரில் இருக்கிறது. துவைக்கவில்லை. முதுகில் கை அப்படியே காய்ந்து நிற்கிறது. மோதிர விரல் பாதிதான். சூப்பர்வைசர் ஆவதற்கு முன்னால் மூணாம் நம்பர் பிரஸ் தின்ற விரல் அது. எங்கே பார்த்தாலும் எனக்குத் தெரியும், அந்த விரலை அத்தனை தரம் தடவிக் கொடுத்திருக்கிறேன். அந்தக் கை என் முதுகில் இருந்தால் எப்படி இருக்கும் என்று ஒருநாள் போட்டுக்கூடப் பார்த்தேன். குச்சி மாதிரி இருக்கிற உன் சைஸ் எனக்கு எங்கே ஏறும்? முழங்கையோடு நின்றுவிட்டது. அதற்கும் ஒரு மூச்சு அழுதேன். சிரிக்காதே.

அன்றைக்கு நீ போனதும் அவன் என்னைக் கூப்பிட்டு "நீயே வெச்சுடு" என்றான். பிரஸ்ஸுக்கு நான்தான் பொட்டு வைத்தேன். பல்லைக் காட்டிக்கொண்டு வைத்தேன்.

ஆனால் ஒன்று. சனிக்கிழமையை உன் புகாரிலிருந்து எடு. அன்றைக்கு அவன் எதுவும் செய்யவில்லை. செய்யாததற்கு ஒருத்தனை மாட்டிவிட நான் விட மாட்டேன், அவன் யாராக இருந்தாலும். அதோடு அது என்னுடையது, எனக்கென்று வேறெதுவும் மிச்சமில்லை. நீ எடுத்தால் நான் கோட்டைக் கொடுப்பேனா என்று கேட்காதே. எனக்கே தெரியாது. தை மாசம் வருகிறேன் என்றிருக்கிறான்.

நிஷா


ஆவடி குவார்ட்டர்ஸ்
10.1.2025

நிஷாவுக்கு,

புதன்கிழமை போய்ச் சொல்லிவிட்டேன். சனிக்கிழமை நடந்ததாக எழுதியது பொய், பயத்தில் எழுதினேன் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். சம்பந்தம் மாமா என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டார். "கைல கெடைச்சத அவளே தூக்கிக் குடுத்துட்டு வந்துட்டா" என்று அப்பாவிடம் கத்தினார். அப்பா டிவி சத்தத்தைக் கூட்டினார்.

குழுவில் எச்.ஆர். இருதயராஜ் சார் பேனாவை மூடி வைத்துவிட்டு, "அப்ப மீதியும் இதே கதைதானே?" என்றார். புஷ்பா அம்மாதான் விடவில்லை. "ஒண்ணு பொய்னு அந்தப் பொண்ணே வந்து சொல்லுது. மீதி நெஜமா பொய்யானு தனியா பாக்கத்தான சார் நாம உக்காந்துகினு கீறோம்?" என்றார். உங்களுக்குக் கடிதம் எழுதியதையும் சொன்னேன். நன்றாகத் திட்டினார். நீங்கள் எழுதியதில் என்ன இருக்கிறது என்று நான் சொல்லவில்லை. அதைச் சொல்ல வேண்டியது நான் இல்லை.

நான் கொடுத்ததின் காப்பியைக் கோபிக்கும் கொடுப்பார்களாம், பதில் சொல்ல ஒரு வாரமாம். என் வாயைப் பொத்தியவனுக்கு வாய் திறக்க ஒரு வாரமா என்று கேட்டுவிட்டேன். "நாளைக்கு உம்மேல நடவடிக்கைன்னு வந்தா உனக்கும் இதே ஒரு வாரத்த நான் கேட்டு வாங்குவேம்மா" என்றார் புஷ்பா அம்மா. நடவடிக்கை வரலாம் என்றும் சொன்னார். வீட்டுக்கு வந்து படுத்த பிறகுதான் அவர் சொன்னது சரி என்று பட்டது. அப்போதும் கோபம் போகவில்லை.

உங்கள் கடிதத்தில் உங்களுக்கு நடந்ததைப் படித்தேன். அதற்குப் பெயர் வைக்க நான் யார்? நானும் அழுதேன் என்று மட்டும் எழுதுகிறேன்.

சனிக்கிழமையைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன், உங்களிடமே இருக்கட்டும். கோட்டைப் பற்றி நான் கேட்கவில்லை.

கார்த்திகா


மேனாம்பேடு
26.1.2025

கார்த்திகா,

தீர்ப்பு இன்னும் வரவில்லை. உனக்கு முதலில் அதுதானே வேண்டும், அதனால் அதைச் சொல்லிவிட்டேன். விஷயம் வெளியே வந்ததிலிருந்து இங்கே அண்ணன் என் முகத்தைப் பார்ப்பதில்லை. அம்மா தட்டில் சோற்றைப் போட்டுவிட்டு அடுப்பைப் பார்த்துத் திரும்பிக்கொள்கிறாள். பாடி லாரிக்காரன் வீட்டிலிருந்து ஆள் அனுப்பி, வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அதுவாவது நல்லதாகப் போச்சு.

பொங்கலன்று புதுப்புடவை கட்டி வாசலிலேயே நின்றேன். ஊட்டுக்கு வரேன், ஊட்டுக்கு வரேன் என்று இரண்டு வருஷமாகச் சொன்னவன் வரவில்லை. 'கேஸு முடியட்டும்' என்று ஒரு மெசேஜ். சரி என்று அதையும் பொறுத்துக்கொண்டேன். பொங்கல் லீவு முடிந்து போனால் உன் டேபிளில் ஒரு புதுப் பெண். அவளுக்குச் சமோசா வாங்கிக் கொடுத்துக்கொண்டிருந்தான். எனக்கு வழக்கம்போல வயிறு எரிந்தது. எப்போதும் அவன் முகத்தைத்தான் பார்ப்பேன், சிரிக்கிறானா என்று. அன்றைக்கு என்னவோ அந்தப் பெண்ணைப் பார்த்தேன். சமோசாவைக் கையில் வைத்துக்கொண்டு தின்னவும் தெரியாமல் கீழே வைக்கவும் தெரியாமல் நின்றாள். அன்று சாயங்காலமே கோட்டு இருந்த கவரை எடுத்துப் பையில் வைத்துவிட்டேன்.

குழுவில் கோட்டைக் கொடுத்து எல்லாவற்றையும் சொன்னேன். சனிக்கிழமை அவன் என்கூட இருந்தான், அதில் மாற்றமில்லை என்பதையும் மறுபடி சொன்னேன். "இத்தன நாளு ஏம்மா வெச்சிருந்த?" என்று புஷ்பா அம்மா கேட்டார். "பொறாமைம்மா" என்றேன். "அப்படியே எழுதட்டுமா?" என்றார். எழுதுங்கள் என்றேன். அந்த இருதயராஜ் தலையைக் குனிந்துகொண்டார்.

அதற்கும் அவனுக்கு டைம் கொடுத்தார்கள். வியாழக்கிழமை கூப்பிட்டார்கள். அவன் என்னை நேராகக் கேள்வி கேட்கக் கூடாதாம், எழுதிக் கொடுத்தால் புஷ்பா அம்மா படிப்பாராம். எதிரே உட்கார்ந்திருந்தான், இஸ்திரி போட்ட சட்டை. நான் ஒருநாளும் பார்க்காத சட்டை, யார் எடுத்துக் கொடுத்தது என்று அந்த நேரத்திலும் மனசு கேட்டது. சீ, என்ன ஜென்மமோ நான்.

முதல் கேள்வி: 'இந்தக் கோட்டு நிஷாவுடையதுதானே? பூஜையன்று நான் விளையாட்டாக நிஷாவின் முதுகில்தானே கை வைத்தேன்?'

புஷ்பா அம்மா பாதியில் நிறுத்தி, "சந்தனத்தையே தொடலைனு முன்னாடி எழுதிக் குடுத்திருக்கியே தம்பி?" என்று கேட்டார். "மறந்துட்டேன் மேடம்" என்றான். நான் எழுந்து கோட்டை வாங்கிப் போட்டுக் காட்டினேன். முழங்கையோடு நின்றது. எனக்கு அது சேராது, கார்த்திகாவுடையது என்றேன். அத்தனை பேர் முன்னால் என் குண்டுக் கையைக் காட்ட வெட்கமாகத்தான் இருந்தது.

இரண்டாவது கேள்வியைப் படிக்கும் முன் அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். இரண்டு வருஷத்தில் நாலு பேர் இருக்கிற இடத்தில் அவன் என்னைப் பார்த்தது அதுதான் முதல் தடவை. 'நிஷாவும் நானும் இந்தத் தை மாதத்தில் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறவர்கள்தானே?'

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், கார்த்திகா. அவனே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறான். ஆபீஸே சாட்சி. இதைக் கேட்கத்தானே நான் அந்த நாசமாய்ப்போன ஸ்டோர்ஸ் வாசலில் காவல் கிடந்தேன்?

"அந்தக் கேள்விய இன்னொரு தரம் படிங்கம்மா" என்றேன். எனக்குப் புரியவில்லை என்று நினைத்து, அவர் நிறுத்தி நிறுத்திப் படித்தார். நான் காது நிறையக் கேட்டுக்கொண்டேன். அப்புறம் இல்லை என்று சொன்னேன்.

நிஷா